ரிதம் பாக்ஸ் அக்கா

அக்கா ஒரு பட்டனை அழுத்துவதைப் பார்ப்பதற்கென்றே செங்கல்பட்டுப் பக்கம் ஆட்கள் இருந்தார்கள். தொண்ணூறுகளின் நடுவில் எங்கள் மெல்லிசைக் குழுவைத் திருவிழாவுக்கோ கல்யாண வரவேற்புக்கோ பேச வருகிறவர்கள், யார் பாடுகிறார்கள், எவ்வளவு நேரம் என்று கேட்பதற்கு முன்பே, "அந்த பொட்டி அம்மா வருவாங்க இல்ல?" என்று கேட்டுவிடுவார்கள். கீபோர்டு வாசித்த என்னைப் பற்றி ஒருவரும் விசாரித்ததில்லை. ஒரே ஒருமுறை கருங்குழியில் ஒருவர் என்னைத் தனியாக அழைத்தார். பெருமையோடு போனேன். நான் நிறுத்தியிருந்த சைக்கிள் அவர் கடை வாசலை மறைக்கிறதாம்.

பொட்டி என்று அவர்கள் சொன்னது ரிதம் பாக்ஸை. தடித்த புத்தகம் அளவு, சாம்பல் நிறம், மேலே வண்ண வண்ணமாகப் பட்டன்கள். ஒரு பட்டனில் டிரம்ஸின் பெரிய முரசு, ஒன்றில் ஸ்நேர் என்கிற சிறிய முரசு, ஒன்றில் கைதட்டல், ஒன்றில் மாட்டுமணி. தாளத்தை முன்கூட்டியே தட்டிப் பதிந்துவிட்டால், பிறகு ஸ்டார்ட் பட்டனை அழுத்துவது ஒன்றுதான் வேலை. நிறுத்தச் சொல்லும்வரை அதுவே அடித்துக்கொண்டிருக்கும்.

அந்த ஒற்றை அழுத்தலை அக்கா செய்வதைப் பார்க்க வேண்டும். ஜிகினா வைத்த புடவை. மண்டபத்துக்குள்ளும் கறுப்புக் கண்ணாடி. எவர்சில்வர் ஸ்டூலின் மேல் பட்டுத்துணி விரித்துப் பொட்டியை வைத்திருப்பார். வலது கையைத் தலைக்கு மேலே தூக்கி, கூட்டம் அடங்கும்வரை அப்படியே நிறுத்தி வைப்பார். பாடகர் மைக்கோடு காத்திருப்பார், நான் விசைகளின்மேல் விரல்களை வைத்துக்கொண்டு காத்திருப்பேன், கல்யாண மாப்பிள்ளைகூடக் காத்திருப்பார். பிறகு கை இறங்கும். டும்.

அதற்கப்புறம் பாட்டு முடியும்வரை அக்காவுக்குச் செய்ய ஒன்றுமே கிடையாது. ஆனால் அவருடைய உழைப்பு அங்கேதான் தொடங்கும். தோளைக் குலுக்குவார். கண்ணை மூடுவார். நடுவில் ஒரு மாட்டுமணிச் சத்தம் வரும் இடத்தில், தானே அடித்ததுபோல விரலைச் சுண்டுவார். பாட்டு முடியும்போது உண்மையிலேயே வேர்த்திருக்கும். துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு எழுந்து கும்பிடுவார். கைதட்டல் பிய்த்துக்கொண்டு போகும்.

எனக்கு வயிறு எரியும். அணுமின் நிலையக் குடியிருப்பில் வளர்ந்தவன், வெள்ளிக்கிழமைதோறும் இசை வகுப்புக்கு அனுப்பப்பட்டவன், மேதை என்று தன்னைத்தானே ரகசியமாக அழைத்துக்கொண்டவன் நான். உண்மையில் எனக்குத் தெரிந்தது ஒரே ஒரு ஸ்கேல். வெள்ளை விசைகளை மட்டும் வாசிப்பேன். பாடகர் எந்தச் சுருதியில் கேட்டாலும் கீபோர்டில் இருந்த டிரான்ஸ்போஸ் பட்டனை அழுத்தி மாற்றிக்கொள்வேன். கறுப்பு விசைகளுக்கு என் விரல் பட்ட அனுபவமே இல்லை. இப்படிப்பட்ட நான்தான் ஒருநாள் திருக்கழுக்குன்றத்தில் நிகழ்ச்சி முடிந்து எல்லோரும் டீ குடித்துக்கொண்டிருந்தபோது அக்காவிடம் கேட்டேன்: "அக்கா, மிஷின்தான அடிக்குது, உங்களுக்கு ஏன் வேர்க்குது?"

அக்கா டீயை ஊதிக்கொண்டே சொன்னார்: "பஸ்ஸு டீசல்லதான் ஓடுது. டிரைவருக்கு இன்னாத்துக்கு வேக்குதுன்னு போய் கேளு நைனா."

குழுவில் எல்லோரும் சிரித்தார்கள். தலைவர் மட்டும் சிரிக்கவில்லை. அவருக்கு அக்காவிடம் கொஞ்சம் பயம். அந்தப் பயத்துக்குக் காரணம் இருந்தது.

அக்கா முதலில் அந்தக் குழுவின் பாடகி. நான் சேர்வதற்கு முந்தைய கதை இது. கழுத்தில் கட்டி வந்து அறுவை செய்ததில் குரல் போனது. நரம்போடு கட்டி ஒட்டியிருந்ததால் அப்படி ஆகும் என்று முன்பே சொல்லித்தான் செய்தார்களாம். எஞ்சியது, தகரத்தின்மேல் ஜல்லி கொட்டுவதுபோல ஒரு கரகரப்பு. தலைவர் நல்ல மனிதர். ஒரு நிகழ்ச்சியில் அக்காவை மேடைக்கு அழைத்து, நாலு வார்த்தை உருக்கமாகப் பேசி, சால்வை போர்த்தி வழியனுப்பி வைத்தார். அடுத்த நிகழ்ச்சிக்கு அக்கா அதே சால்வையைப் போர்த்திக்கொண்டு வந்து வேனில் ஏறி உட்கார்ந்துவிட்டார்.

"இன்னாம்மா இது, போன வாரம்தான..." என்று தலைவர் இழுத்திருக்கிறார்.

"சால்வ போட்டா போய்டணுமா? குளிருக்குப் போட்டன்னு நெனச்சிகினேன்."

சில மாதம் மேடையின் ஓரத்தில் சும்மா உட்கார்ந்திருந்தாராம். அதன் பிறகு எங்கள் டிரம்ஸ்காரர் வளைகுடாவுக்கு வேலைக்குப் போனார். அந்தச் சமயம் பார்த்து, மாமல்லபுரத்தில் வெளிநாட்டுக்காரர்களுக்கு அறை வாடகைக்கு விடும் அக்காவின் ஒன்றுவிட்ட தம்பியிடம், மாதக்கணக்கில் தங்கியிருந்த ஒரு ஜெர்மானியர் ஊருக்குத் திரும்பும்போது இந்தப் பொட்டியை விட்டுவிட்டுப் போயிருந்தார். அங்கே அது பழசாகிவிட்டது, இதைவிட நல்லது வந்துவிட்டது, தூக்கிச் சுமக்க வேண்டாம் என்று நினைத்திருப்பார். தம்பி அதைப் பெரிய கால்குலேட்டர் என்று நினைத்து வரவேற்பு மேசையில் வைத்திருந்தான். கூட்டல் கணக்குப் போடப் பார்த்தபோது 'டும் டக்' என்று சத்தம் வந்ததில் பயந்துபோய் அக்காவிடம் கொடுத்துவிட்டான்.

அக்கா இறங்கவேயில்லை. அவரைப் பற்றி நான் எதை நினைத்தாலும் கடைசியில் இங்கேதான் வந்து நிற்கிறேன். மேடையை விட்டு அவரை யாராலும் இறக்க முடியவில்லை. ஒருமுறை தலைவர் துணிந்து அக்கா வீட்டுப் பக்கம் வேனைத் திருப்பாமல் நேராக மாமல்லபுரம் நிகழ்ச்சிக்குப் போகச் சொன்னார். வேறு ஒரு பையன் புதுப்பொட்டியோடு அங்கே வந்து சேர்ந்துகொள்வதாக ஏற்பாடு. நாங்கள் போய்ச் சேர்ந்தபோது மேடையில் எங்களுக்கு முன்பாக அக்கா உட்கார்ந்திருந்தார். மடியில் பொட்டி. காய்கறி லாரியில் வந்திருந்தார். கோபப்படவில்லை, ஒரு வார்த்தை கேட்கவில்லை. தலைவரைப் பார்த்து, "எத்தினி மணிக்கு ஆரம்பம்?" என்றார். அந்தப் பையன் சாப்பாட்டுப் பந்தியில் உட்கார்ந்து சாப்பிட்டுவிட்டுப் போய்விட்டான். எனக்கு அன்று அக்காவைப் பார்க்கவே என்னவோபோல இருந்தது. நானாக இருந்தால் வீட்டில் படுத்து ஒரு வாரம் அழுதிருப்பேன், சாகும்வரை எல்லோரிடமும் அதைச் சொல்லிக்கொண்டும் இருந்திருப்பேன்.

கருங்குழி அம்மன் கோயில் ஆடித் திருவிழாவில் நல்ல மழை பிடித்துக்கொண்டது. கீபோர்டைத் தூக்கிக்கொண்டு முதலில் ஓடியவன் நான்தான். மற்றவர்கள் என்னைப் பின்தொடர்ந்து ரேஷன் கடைத் தாழ்வாரத்தில் ஒதுங்கினார்கள். திரும்பிப் பார்த்தால் அக்கா மேடையிலேயே இருக்கிறார். குடையைப் பொட்டிக்குப் பிடித்துக்கொண்டு தான் நனைகிறார். பாடகர் இல்லை, பாட்டு இல்லை, பொட்டி மட்டும் அடித்துக்கொண்டிருக்கிறது. மைக்செட்காரர் ஜெனரேட்டரை நிறுத்தப் போனார். "நிறுத்துன, கைய ஒடச்சிடுவேன்!" என்று அந்தக் கரகரப்புக் குரல் மழையைத் தாண்டி வந்தது. மின்சாரத்தின் மேல் எங்கள் யாருக்குமே அப்போது போதிய மரியாதை இல்லை. கலைந்துகொண்டிருந்த கூட்டம் நின்றது. ஒருவர் பிளாஸ்டிக் நாற்காலியைத் தலைகீழாகக் கவிழ்த்துத் தலைக்குக் குடையாக்கிக்கொண்டு ஆட ஆரம்பித்தார். கொஞ்ச நேரத்தில் கோயில் வாசல் முழுக்க நாற்காலிகள் ஆடின. நாங்கள் தாழ்வாரத்தில் உட்கார்ந்து வேடிக்கை பார்த்தோம். கீபோர்டு இல்லாததை ஒருவரும் கவனித்ததாகத் தெரியவில்லை.

பிறகு குழு கலைந்தது. தலைவர் ரியல் எஸ்டேட்டுக்குப் போனார். நான் படித்து முடித்து, பழைய மகாபலிபுரம் சாலையில் ஒரு மென்பொருள் நிறுவனத்தில் சேர்ந்து, கல்யாணமாகி, படூரில் ஓர் அடுக்குமாடிக் குடியிருப்பில் குடியேறினேன். மேதைக்கு மட்டும் ஓய்வில்லை. படுக்கையறையில் துணி காயப்போடும் கொடிக்கும் பீரோவுக்கும் நடுவில் ஒரு கணினி, இரண்டு ஸ்பீக்கர். எலெக்ட்ரானிக் இசை செய்கிறேன் என்று சொல்லிக்கொண்டேன். "உங்க லொட்டு லொட்டு முடிஞ்சதும் துணிய மடிச்சு வைங்க" என்று என் மனைவி சொல்லுவாள்.

அந்த இசையில் ஒரு வேடிக்கை உண்டு. எவ்வளவு புதிய கணினியாக இருந்தாலும், ஆசைப்படுவது பழைய ரிதம் பாக்ஸ்களின் சத்தத்துக்குத்தான். ஜெர்மானியர் வேண்டாமென்று விட்டுப்போன காலத்துப் பொட்டிகளைத்தான் உலகமே பிறகு தேட ஆரம்பித்தது. அந்தப் பொட்டிகளின் ஒவ்வொரு அடியையும் தனித்தனியாகப் பதிந்து வைத்துக்கொள்வார்கள். அதற்குப் பெயர் சாம்பிள். பிறகு கணினியில் அந்த அடிகளை வேண்டியபடி கோத்துக்கொள்ளலாம். இணையத்தில் அப்படிப்பட்ட சாம்பிள்கள் கொட்டிக் கிடந்தன. நானும் மூட்டை மூட்டையாக இறக்கினேன். என்னைப் போலவே எல்லோரும் இறக்கியிருந்ததால், என் இசை எல்லோருடைய இசையையும் போலவே இருந்தது. இப்படி இசை செய்பவர்கள் கூடும் இணைய மன்றம் ஒன்றில் என் பாட்டைப் போட்டேன். முகம் தெரியாத ஒருவர், "நன்றாக இருக்கிறது, இதை ஏற்கெனவே எங்கேயோ கேட்டிருக்கிறேன்" என்று எழுதினார். சொந்தமாக ஒரு பழைய மெஷினைப் பிடித்துப் பதிவு செய் என்று இன்னொருவர் அறிவுரை சொன்னார்.

அப்போதுதான் அக்கா நினைவுக்கு வந்தார். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை லேப்டாப்பும் மைக்குமாகச் செங்கல்பட்டு ரயில்வே குடியிருப்புக்குப் போனேன். அக்காவின் கணவர் ரயில்வேயில் பாயின்ட்ஸ்மேன். அதிகம் பேசாதவர். வீட்டில் பேச்சுக்கு இருந்த இடம் முழுவதையும் அக்கா எடுத்துக்கொண்டதால் அப்படி ஆகியிருக்கலாம்.

"பொட்டிய பதிவு பண்ண வந்திருக்கேன் அக்கா."

"பொட்டியவா? அப்ப நானு?"

"நீங்கதான் அக்கா அழுத்தணும்" என்றேன் அவசரமாக. முகம் மலர்ந்தது. உள்ளே போய்ப் புடவை மாற்றிக்கொண்டு வந்தார். ஒலிப்பதிவுக்கு ஜிகினா எதற்கு என்று நான் கேட்கவில்லை.

பொட்டி இன்னும் வேலை செய்தது. மின்விசிறியை நிறுத்தச் சொன்னேன். ஒவ்வொரு பட்டனாக, ஓர் அடி அடித்துவிட்டு, சத்தம் முழுக்க அடங்கும்வரை சும்மா இருக்க வேண்டும் என்று விளக்கினேன். சும்மா இருப்பது எப்படி என்று அக்காவுக்கு அந்த வயதில் கற்றுக்கொடுக்க வேண்டியிருந்தது. ஓர் அடி அடிப்பார். அது அடங்குவதற்குள், "ஒரே அடியா? ஒரு அடிக்கு எவன்டா ஆடுவான்?" என்பார். மறுபடி அடி. "வேக்குது, எத்தினி நாழி ஃபேனு இல்லாம குந்திகினு இருக்கறது?" மறுபடி அடி. இம்முறை அக்கா வாயைப் பொத்திக்கொண்டார், வெளியே எக்ஸ்பிரஸ் போனது.

கடைசியாக ஸ்நேர் பட்டனுக்கு வந்தோம். அது செத்திருந்தது. எவ்வளவு அழுத்தியும் சத்தம் வரவில்லை. தாளத்தின் முதுகெலும்பே அதுதான். நான் தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டேன்.

"இது எப்பலேர்ந்து அக்கா?"

"அது போயி ரொம்ப நாளாச்சி. இப்ப சர்ச்சிலதான வாசிக்கறேன், அங்க நான் வாயாலயே போட்டுடுவேன்."

"வாயாலயா?"

"ட்சக்!" என்றார். பாடுவதற்கு உதவாத அந்தத் தொண்டையிலிருந்து, தகரமும் காற்றும் கலந்த ஒரு சத்தம். "இன்னும் வோணுமா? ட்சக்! ட்சக்!"

மனம் நோகக் கூடாதே என்று மைக்கைத் திருப்பி அதையும் பதிந்துகொண்டேன். வழியெல்லாம் எனக்குள் சிரிப்பு. வீட்டுக்கு வந்து, சும்மா ஒரு விளையாட்டாக அந்தச் சத்தத்தின் முன்னும் பின்னும் நறுக்கி, கொஞ்சம் கீழே இறக்கி, பொட்டியின் மற்ற அடிகளோடு சேர்த்தேன். சிரிப்பு நின்றது. அந்தத் தாளம் வேறு யாருடையது போலவும் இல்லை. துணி மடித்துக்கொண்டிருந்த என் மனைவி முதல்முறையாகத் திரும்பிப் பார்த்து, "இது என்னது, நல்லா இருக்கே" என்றாள்.

பாட்டை முடித்து மன்றத்தில் போட்டேன். சண்டை வந்தது. அந்த ஸ்நேர் எந்த மெஷின் என்று. ஜப்பானில் எண்பதுகளில் வந்த ஒரு மாடல் என்றார் ஒருவர். இல்லை, அதற்கு முந்தைய மாடல், உள்ளே மின்கலம் தீரும்போது இப்படித்தான் ஒலிக்கும் என்றார் இன்னொருவர். ஓர் அறிஞர், இது ஐரோப்பாவில் மட்டும் விற்கப்பட்ட அரிய வகை என்றும் தன்னிடம் அது இருக்கிறது என்றும் எழுதினார். நான் அடக்கமாக, "ரகசியம்" என்று மட்டும் பதில் போட்டேன். என் வாழ்க்கையில் என்னை மேதை என்று மற்றவர்கள் சந்தேகப்பட்ட ஒரே வாரம் அது. அதை ஏன் கெடுத்துக்கொள்ள வேண்டும்?

ஆனால் அக்காவிடம் போய்ச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. முழுக்கக் கேட்டார்.

"அவன் கிட்ட கீறேனாமா நானு?"

"அப்படித்தான் எழுதியிருக்கான்."

"என் பேர போட்டியா?"

"இல்லக்கா..."

"அப்ப மேடைல ஏத்து."

பேரைப் போடாததற்குத் தண்டனையாக, மாமல்லபுரம் கடற்கரையில் ஒரு விடுதிப் புல்வெளியில் எனக்குக் கிடைத்திருந்த என் முதல் நிகழ்ச்சிக்கு அக்காவை அழைத்துப்போனேன். மாலை வெயில் சாய்கிற நேரம். வெளிநாட்டு விருந்தினர்கள், எங்கள் அலுவலகத்து இளைஞர்கள், பின்னால் கடல். நான் கறுப்பு டி-ஷர்ட், லேப்டாப். அக்கா ஜிகினாப் புடவை, கறுப்புக் கண்ணாடி, ஸ்டூல், பட்டுத்துணி, பொட்டி. பொட்டியின் வயர் எதிலும் சொருகப்படவில்லை. சத்தம் எல்லாம் என் லேப்டாப்பிலிருந்துதான். அக்கா அதைப் பற்றிக் கவலைப்படவில்லை. கையைத் தூக்கினார். புல்வெளி அடங்கியது. கை இறங்கியது. நான் அவசரமாக ஸ்பேஸ்பாரைத் தட்டினேன். டும்.

பாதியில்தான் கவனித்தேன். லேப்டாப் தானாக வாசித்துக்கொண்டிருந்தது. எனக்குச் செய்ய ஒன்றுமில்லை. நான் கண்ணை மூடித் தோளைக் குலுக்கிக்கொண்டிருந்தேன். தேவையில்லாத ஒரு குமிழைத் திருகுவதுபோலப் பாவனை செய்துகொண்டிருந்தேன். நன்றாக வேர்த்திருந்தது. அக்கா தன் துண்டை என்னிடம் நீட்டினார்.

எடுக்கப்பட்ட படங்கள் எல்லாவற்றிலும் அக்காதான். சிலவற்றில் என் முழங்கை இருந்தது. அடுத்த ஆண்டு விடுதியிலிருந்து மேலாளர் போன் செய்தார். "அந்த மேடம் வருவாங்களா சார்? உங்களுக்கு வேற வேல இருந்தா சிரமப்பட வேணாம்."

அந்த மேடம் வர முடியவில்லை. தொண்டையில் மறுபடியும் கட்டி. இந்தமுறை குரல் பெட்டியையே எடுத்துவிட்டார்கள். கழுத்தில் மூச்சுவிட ஒரு துளை, அதன்மேல் வெள்ளைத் துணி. நான் பார்க்கப் போனபோது அக்கா கட்டிலில் சாய்ந்திருந்தார். வீடு வீடாகவே இல்லை. ரயில் சத்தமும் சுவர்க் கடிகாரச் சத்தமும் தெளிவாகக் கேட்டன. கணவர் சமையலறை வாசலில் நின்றுகொண்டு, "மூணு மாசமா இப்டிதான் தம்பி. வூட்ல குந்த முடியல" என்று தணிந்த குரலில் சொன்னார். கழுத்தில் வைத்துப் பேசுகிற ஒரு கருவியை மருத்துவமனையில் வாங்கிக்கொள்ளச் சொன்னார்களாம். ஒருநாள் வைத்துப் பார்த்துவிட்டு அக்கா அதைச் சுவரில் எறிந்துவிட்டாராம். அது எல்லோருக்கும் ஒரே குரலைக் கொடுக்கிறதாம், அவருடையதைக் கொடுக்கவில்லையாம்.

பேத்தியின் சிலேட்டில் சாக்பீஸால் அக்கா எழுதுவார். எழுதி முடிப்பதற்குள் எதிரில் இருப்பவர் வேறு விஷயத்துக்குப் போய்விடுவார். அழிப்பார். எதற்கும் மேடையை விட்டு இறங்காத அந்த மனுஷி சிலேட்டைக் கவிழ்த்து வைத்துவிட்டுச் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தார். எனக்கு என்ன பேசுவது என்று தெரியவில்லை. தெரியாதபோது என்ன செய்வேனோ அதையே செய்தேன், லேப்டாப்பைத் திறந்து என் பாட்டைப் போட்டேன். இந்தச் சூழ்நிலையிலும் தன் பாட்டைப் போட்டுக்காட்டுகிற ஓர் ஆளை நீங்கள் பார்த்திருக்க முடியாது.

ட்சக் வந்ததும் அக்கா திரும்பினார். இன்னொரு ட்சக். சிலேட்டை எடுத்தார்.

'அது நாந்தான.'

"ஆமாக்கா."

அழித்துவிட்டு எழுதினார். 'அன்னிக்கு பேசுன மத்ததும் கீதா?'

இருந்தது. வேண்டாததை அழிக்க வேண்டும் என்று எல்லா நூல்களும் சொல்கின்றன. நான் சோம்பேறி. அடிகளுக்கு இடையில் அக்கா பேசிய பேச்சு, திட்டிய திட்டு, அந்தக் காலைப்பொழுது முழுவதும் ஒரே கோப்பாக அப்படியே கிடந்தது.

'பட்டன்ல போடு' என்று எழுதினார்.

என்னிடம் ஒரு சாம்பிளர் இருந்தது. எந்தச் சத்தத்தை ஏற்றினாலும், தட்டும்போது திருப்பிக் கொடுக்கும் பொட்டி. அகலமான ரப்பர் பட்டன்கள். படூருக்கு வந்து அந்தப் பதிவை முதலிலிருந்து கேட்டேன். மற்றவற்றுக்குச் செய்வதுபோலவே நறுக்கினேன். ஸ்நேருக்குப் பதிலாகச் சொற்கள். 'இன்னாடா.' 'இரு இரு.' 'வோணாம்.' 'போதும் வா.' 'அத்த அங்க வை.' 'யோவ், ஃபேன போடுய்யா.' 'எவன்டா ஆடுவான்.' ஒவ்வொரு பட்டனிலும் ஒன்றாக ஏற்றி எடுத்துப் போனேன்.

அக்கா மடியில் வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்த்தார். 'யோவ், ஃபேன போடுய்யா' என்று அந்தக் கரகரப்புக் குரல் வீட்டில் எழுந்ததும், உள்ளே பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்த கணவர் ஈரக்கையோடு ஓடி வந்து சுவிட்சைப் போட்டார். மார்கழி மாதம். மின்விசிறிக்குக் கீழே நின்றபடி அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அக்கா மறுபடி அதையே தட்டினார். "போட்டாச்சிம்மா" என்றார் அவர். அக்கா மறுபடியும் தட்டினார். அன்று சாயங்காலம் வரை அந்த வீட்டில் பேச்சு ஓயவில்லை என்று பிறகு கேள்விப்பட்டேன். பால்காரர், பக்கத்து வீட்டம்மா, பேத்தி, எல்லோருக்கும் திட்டு விழுந்திருக்கிறது.

அடுத்த முறை போனபோது சிலேட்டில் எனக்கு ஒரு கோரிக்கை காத்திருந்தது. 'நல்லா கீதுன்னு ஒண்ணு வோணும். புள்ள பாடிக் காமிக்குது. இன்னாடான்னு அமுக்குறேன். அழுவுது.'

நியாயமான கோரிக்கை. திரும்பி வந்து பதிவை மறுபடி முழுக்கக் கேட்டேன். அந்தக் காலைப்பொழுதில் அக்கா எத்தனையோ சொல்லியிருந்தார். என் மைக்கைப் பற்றி, என் முடியைப் பற்றி, என் இசையறிவைப் பற்றி. நல்லா கீது என்று எதைப் பற்றியும் சொல்லவில்லை. தேடத் தேட என் மானம் போனதுதான் மிச்சம். கடைசியில் இரண்டு இடங்களைக் கண்டுபிடித்தேன். ஒன்று, 'நல்லா மாட்னடா நீ.' இன்னொன்று, 'டீ ஆறிக்கினு கீது, குடிச்சி தொல.' முதலாவதிலிருந்து 'நல்லா'வையும் இரண்டாவதிலிருந்து 'கீது'வையும் வெட்டி ஒட்டினேன். பொருந்தவில்லை. முதல் சொல் கேலியாக மேலே ஏறியது, இரண்டாவது சலிப்பாகக் கீழே இறங்கியது. ஏறுவதைத் தணித்து, இறங்குவதை நிமிர்த்தி, நடுவில் மூச்சுக் காற்றைக் கொஞ்சம் வைத்து, ஞாயிறு ஞாயிறாக உட்கார்ந்தேன். என் சொந்தப் பாட்டு எதற்கும் நான் அவ்வளவு பாடுபட்டதில்லை. என் மனைவி கேட்டுவிட்டு, "இப்ப சொல்ற மாதிரி இருக்கு" என்று சொன்ன பிறகுதான் நிறுத்தினேன். டீ சமாச்சாரத்தையும், வெட்டியது வெட்டியாயிற்று என்று, இன்னொரு பட்டனில் முழுசாகப் போட்டுவைத்தேன்.

கொண்டுபோனேன். அக்காவின் கணவர் எனக்கு டீ கொண்டுவந்து வைத்தார். பேத்தி பாவாடையைப் பிடித்துக்கொண்டு நின்று பள்ளிக்கூடத்துப் பாட்டு ஒன்றைப் பாடியது. சுருதி ஓரிடத்தில் நிற்கவில்லை. என்னிடம் டிரான்ஸ்போஸ் பட்டனும் இல்லை. பாடி முடித்துவிட்டுப் பயத்தோடு பார்த்தது. அக்கா புதுப் பட்டனைத் தட்டினார்.

"நல்லா கீது."

குழந்தை கெக்கலித்துச் சிரித்துக்கொண்டு தெருவுக்கு ஓடியது, எல்லோரிடமும் சொல்ல.

அக்கா தலையைச் சாய்த்து யோசித்தார். இன்னொரு முறை தட்டி, ஒட்டுத் தெரிகிறதா என்பதுபோலக் கேட்டார். பிறகு என்னைப் பார்த்தார். பார்த்துக்கொண்டே தட்டினார்.

"நல்லா கீது."

எந்த இடத்தில் வெட்டினேன், எந்த இடத்தில் ஒட்டினேன் என்று எனக்குத் தெரியும். அக்கா என்னைப் பாராட்டியது அந்த ஒரு தடவைதான், அதையும் நானே தயாரித்துக் கொண்டுவர வேண்டியிருந்தது. இருந்தும் எங்கே பார்ப்பது என்று தெரியாமல் தரையைப் பார்த்தேன்.

அக்கா பக்கத்துப் பட்டனைத் தட்டினார்.

"டீ ஆறிக்கினு கீது, குடிச்சி தொல."

எடுத்துக் குடித்தேன். உண்மையாகவே ஆறிப்போயிருந்தது.